பச்சைப் புள்ளி

அலுவலகத்தில் எல்லோரும் அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். முதலாளியும் அப்படித்தான். அவருக்கு அவளுடைய அப்பா வயது இருக்கும். ஆனால் அதை எடுத்துச் சொல்லும் அளவுக்கு அங்கே யாரும் சம்பளம் வாங்கவில்லை.

அக்காவின் வேலை பக்கம் வடிவமைப்பது. எழுத்து எங்கே நிற்கவேண்டும், படம் எங்கே உட்காரவேண்டும், ஓரத்தில் எவ்வளவு வெள்ளை விடவேண்டும் என்பதையெல்லாம் கணினி முன்னால் உட்கார்ந்து முடிவு செய்பவள் அவள். அந்தப் பதிப்பகம் கதை, கவிதைப் பக்கம் தலைவைத்தும் படுக்காது. போடுவதெல்லாம் உயிரினக் கையேடுகள். பறவைகள், வண்ணத்துப்பூச்சிகள், நன்னீர் மீன்கள், தவளைகள், சிலந்திகள். ஒவ்வோர் இனத்துக்கும் ஒரு படம், வழக்கத்தில் உள்ள பெயர், அறிவியல் பெயர், குடும்பம், நீளம், வாழும் இடம், அதைப்போலவே இருந்து ஆளை ஏமாற்றும் வேறு இனங்கள் என்று வரிசையாகப் போகும்.

இதில் வேடிக்கை என்னவென்றால், அக்காவுக்கு உயிரினம் என்றாலே ஆகாது. சுவரில் பல்லி இருந்தால் அந்த அறையில் அக்கா இருக்கமாட்டாள். கரப்பான்பூச்சி சிறகை விரிப்பதற்குள் அவள் வாசலைத் தாண்டியிருப்பாள். சிலந்திக் கையேடு தயாரான மாதங்களில் பாதிச் சாப்பாடு பாத்திரத்திலேயே திரும்பிப் போனது. அந்தக் கையேட்டுக்கு அழகான வடிவமைப்பு என்று எங்கோ பரிசு கொடுத்தார்கள். மேடையில் பரிசாகக் கொடுத்த கண்ணாடிப் பெட்டிக்குள் பெரிய சிலந்தி பொம்மை ஒன்று இருந்ததாம். அக்கா மேடையிலிருந்து எந்தப் பக்கமாக இறங்கினாள் என்று இன்றுவரை அலுவலகத்தில் சர்ச்சை உண்டு.

பிழைப்பு என்று வந்துவிட்டால் ஒரு வழி பிறக்காமலா போகும்? அவள் வேலை செய்யும் மென்பொருளில் ஒரு வசதி இருந்தது. படங்களைக் காட்டாதே என்று சொல்லிவிட்டால், படம் இருக்கும் இடத்தில் வெறும் சாம்பல் நிறக் கட்டம் மட்டும் தெரியும். பறவை, மீன் என்றால் படத்தைப் பார்த்தபடி வேலை செய்வாள். நெளிவது, ஊர்வது என்றால் சாம்பல் கட்டம்தான். அச்சிட்டு எடுத்த தாளைச் சரிபார்க்கும்போது ஓர் அட்டைத் துண்டை எடுத்துப் படத்தின்மேல் வைத்துக்கொண்டு எழுத்தை மட்டும் படிப்பாள். அளவு கச்சிதமாக இருக்கும், எழுத்து சுத்தமாக இருக்கும். அவள் படத்தைப் பார்க்காமலே பக்கம் போடுகிறாள் என்று யாருக்கும் சந்தேகம்கூட வந்ததில்லை.

அவள் இப்படிப் பிறந்தவள் இல்லை. சின்ன வயதில் தட்டான் பிடித்தவள்தான். அம்மாவும் அப்பாவும் அடுத்தடுத்துப் போய்ச் சேர்ந்தபோது தம்பி பள்ளிக்கூடத்தில் இருந்தான், இவளுக்கு அப்போதுதான் வேலை கிடைத்திருந்தது. அன்றிலிருந்து அவன் பொறுப்பு முழுக்க இவள் தலையில். எறும்பு கடித்து அவன் கை வீங்கிய ஒரு நாளில் அவனைத் தூக்கிக்கொண்டு மருத்துவமனைக்கு ஓடினாள். களிம்பு தடவி அனுப்பிவிட்டார்கள். அப்போது பிடித்துக்கொண்ட பயம் பிறகு விடவேயில்லை. பயம் தம்பிக்காக வந்ததென்று தம்பிக்கே தெரியாது. அவனைப் பொறுத்தவரை அக்கா ஒரு பயந்தாங்கொள்ளி, அவ்வளவுதான்.

தம்பி வளர்ந்து தீயணைப்பு நிலையத்தில் வண்டி ஓட்டுநரானான். அவன் சீருடை வாங்கிய புதிதில், குளியலறைக் கொக்கியில் தொங்கிய அவனுடைய கறுப்பு இடுப்புப் பெல்ட்டைப் பார்த்துப் பாம்பு என்று அக்கா போட்ட சத்தத்தில் தெருவே கம்போடு திரண்டுவிட்டது. அன்றிலிருந்து அக்கா எதற்குப் பயந்தாலும் அவனிடம் ஒரே பதில்தான்.

"பெல்ட்டாக்கா?"

கல்யாணமாகி அவன் தனிக் குடித்தனம் போனபிறகும் அது மாறவில்லை. மழையில் வண்டி ஓட்டாதே என்றாலும் பெல்ட்டா, சூடு ஆறாத எஞ்சினைத் தொடாதே என்றாலும் பெல்ட்டா. அவள் பேச்சுக்கு அந்த வீட்டில் மதிப்பு அவ்வளவுதான்.

இப்படியிருக்கும்போதுதான் பதிப்பகம் பாம்புக் கையேட்டில் இறங்கியது. சட்டைப் பையில் வைத்துக்கொள்ளும் அளவில் ஒரு புத்தகம். வீட்டுக்குள் புகுந்த பாம்பைப் பிடிக்கப் போகிறவர்கள் சட்டென்று பார்த்துத் தெரிந்துகொள்வதற்காக, ஒவ்வொரு படத்தின் பக்கத்திலும் ஓர் எண், எண்ணின் பக்கத்தில் ஒரு புள்ளி. சிவப்புப் புள்ளி என்றால் விஷம். பச்சைப் புள்ளி என்றால் விஷமில்லை. எழுதியவர் ஓய்வுபெற்ற விலங்கியல் பேராசிரியர். பாம்பின் செதில்களை எண்ணி எண்ணியே தலை நரைத்தவர் என்பதால் அலுவலகத்தில் அவருக்குச் செதில் சார் என்று பெயர். அவருக்கு அது தெரியும், கோபமும் கிடையாது.

அதே சமயத்தில் தம்பியின் நிலையத்தில் பாம்பு பிடித்துக்கொண்டிருந்த மூத்தவர் ஓய்வுபெற்றுப் போனார். அந்த வேலை தம்பி தலையில் விழுந்தது. ஒரு நாள் பயிற்சி, ஒரு கொக்கிக் கம்பி, ஒரு ஜோடி தடித்த கையுறை. போய் வா என்று விட்டுவிட்டார்கள். அக்காவுக்கு அன்றிலிருந்து தூக்கம் போயிற்று. அதனால்தான், விற்பனைக்கு முன்பு பார்வைக்காக வந்த மூன்று பிரதிகளில் தனக்குக் கிடைத்ததை அன்று மாலையே அவன் வீட்டில் கொண்டுபோய்க் கொடுத்தாள்.

"இத எப்பவும் சட்டப் பையிலயே வச்சுக்க. பாத்துட்டுத்தான் கை வைக்கணும்."

"நீ போட்டதா?" என்று அவன் புரட்டிப் பார்த்தான். "அப்ப நம்பலாம். உலகத்துலயே பெரிய பயந்தாங்கொள்ளி போட்ட புத்தகம். இதுல தப்பு வருமா?"

கிண்டல்தான். ஆனாலும் அன்று வீடு திரும்பும்போது அக்காவுக்கு மனசு நிறைந்திருந்தது.

வெளியூர் போயிருந்த செதில் சார் திரும்பி வந்து தன் பிரதியைப் பார்த்தது அதற்குச் சில நாள் கழித்துத்தான். ஒரு பகல்வேளையில் மூச்சு வாங்கப் படியேறி வந்து, முதலாளியின் மேசைமேல் புத்தகத்தை விரித்து வைத்தார். அக்காவையும் உள்ளே கூப்பிட்டார்கள்.

"இந்தப் படத்தத் திருப்பினது யாரு?" என்றார் சார்.

அந்தப் பக்கத்தில் இருந்தது ஒரே நீளமான ஓவியம். பார்வைக்கு ஒன்றுபோல இருக்கும் மூன்று பாம்புகளைப் பக்கத்தில் பக்கத்தில் வரைந்து கொடுத்திருந்தார் ஓவியர். இந்தக் கடைசியில் கட்டுவிரியன், கொடிய விஷம். அந்தக் கடைசியில் வெள்ளிக்கோல் வரையன், பரம சாது. நடுவில் இன்னொரு சாது.

அந்தப் பதிப்பகத்தில் ஒரு சட்டம் உண்டு. விலங்கின் முகம் எப்போதும் புத்தகத்தின் உள்பக்கம் பார்த்திருக்கவேண்டும். வெளியே பார்த்தால் படிப்பவன் கண்ணும் வெளியே போய்விடும் என்பார் முதலாளி. வலப்பக்கத் தாளில் இருந்த பாம்புகள் இடப்பக்கம் பார்த்திருந்தன, எல்லாம் சரியாக இருந்தது. அச்சுக்குப் போகும் நேரத்தில், பாம்பு கடித்தால் உடனே என்ன செய்யவேண்டும் என்று ஒரு பக்கத்தைப் புத்தகத்தின் முன்னால் சேர்க்கச் சொன்னார்கள். ஒரு பக்கம் நுழைந்ததும் பின்னால் இருந்த வலப்பக்கமெல்லாம் இடப்பக்கமாகிவிட்டது. அக்கா உட்கார்ந்து ஒவ்வொரு படத்தையும் கண்ணாடியில் தெரிவதுபோல இடம் வலமாகத் திருப்பினாள். தனித்தனிப் படங்களுக்கு அதனால் ஒரு குறையும் இல்லை. இந்த நீள ஓவியத்தைத் திருப்பியபோது மட்டும், இந்தக் கடைசிப் பாம்பு அந்தக் கடைசிக்குப் போய்விட்டது. மேலே தனியாக வைத்திருந்த எண்ணும் புள்ளியும் நின்ற இடத்திலேயே நின்றன.

பார்த்திருந்தால் தெரிந்திருக்கும். அவள் திரையில் இருந்தது சாம்பல் கட்டம். சாம்பல் கட்டத்தை எப்படித் திருப்பினாலும் சாம்பல் கட்டம்தான்.

"கட்டுவிரியனுக்குப் பச்சைப் புள்ளி விழுந்திருக்கு," என்றார் சார். "நல்ல பாம்பு கடிச்சா வீங்கும், வலிக்கும், அவனே ஊரக் கூட்டிருவான். இது கடிச்சா கொசு கடிச்ச மாதிரிதான் இருக்கும். அசதியா இருக்குன்னு படுத்துப்பான். கண் இமை தொங்கும். அப்புறம் மூச்சு நிக்கும். வினையே அதுதான்."

முதலாளி முகத்தைத் துடைத்துக்கொண்டார். "மூணு பிரதிதானே வந்துச்சு? உங்ககிட்ட ஒண்ணு, என்கிட்ட ஒண்ணு, அக்காகிட்ட ஒண்ணு. மிச்சமெல்லாம் இன்னும் பைண்டிங்லதான் இருக்கு. இப்பவே நிறுத்தச் சொல்லிடுறேன். நல்லவேளை, ஒண்ணும் வெளிய போகல."

இரண்டு பேரும் அவள் முகத்தைப் பார்த்தார்கள்.

"ஒண்ணு போயிருக்கு சார்," என்றாள்.

தம்பியின் போன் அணைந்திருந்தது. தம்பி மனைவிக்கு அடித்தாள். நல்லவேளையாக அவள் எடுத்தாள்.

"சொல்லுங்க அண்ணி."

"அவன் எங்கம்மா?"

"தூங்குறாரு அண்ணி. காலையில ஏதோ அட்டைப்பெட்டிக் கிடங்குல பாம்புன்னு கூப்பிட்டாங்களாம். புடிச்சிட்டு வந்தவரு சாப்பிடக்கூட இல்ல. அசதியா இருக்குன்னு படுத்துட்டாரு."

அக்கா போனைக் காதோடு அழுத்திக்கொண்டாள்.

"என்ன பாம்பும்மா?"

"யாருக்குத் தெரியும்? கறுப்புல வெள்ளப் பட்டை போட்டிருக்கு. சாதுவாம். டப்பாவுல போட்டு வீட்டுக்கே கொண்டுவந்துட்டாரு அண்ணி, கேளுங்க இந்த அநியாயத்த. சாயங்காலம் கொண்டுபோய் விடுவாராம். ஜன்னல்ல இருக்கு. நான் அந்த ரூம்ல துணிகூட மடிக்கப் போகல."

"கடிச்சுதா?"

"சுண்டுவிரல்ல லேசா பல்லு பட்டுச்சாம். கையுறை இல்லாம எடுத்துப் போட்டிருக்காரு. கேட்டா, அக்கா புத்தகத்துல பச்சைப் புள்ளி போட்டிருக்குங்கிறாரு."

அக்கா கத்தினாள். அந்தப் புள்ளி தப்பு, அது விஷப் பாம்பு, அவனை எழுப்பு, இப்போதே மருத்துவமனைக்குக் கூட்டிப் போ என்று ஒன்றின்மேல் ஒன்றாகக் கொட்டினாள். பாதி அழுகை, பாதி பேச்சு. தம்பி மனைவி போனை அவன் காதில் வைத்திருக்கவேண்டும். கனத்த குரல் ஒன்று கேட்டது.

"பெல்ட்டாக்கா?"

அதோடு இணைப்பு போய்விட்டது. திரும்ப அடித்தபோது யாரும் எடுக்கவில்லை.

"நான் ஆம்புலன்ஸ அனுப்புறேன். முகவரி சொல்லுங்க," என்றார் முதலாளி. செதில் சார் ஏற்கெனவே பெரிய மருத்துவமனையில் யாரிடமோ விஷமுறிவு மருந்து இருக்கிறதா என்று கேட்டுக்கொண்டிருந்தார். ஒரு கையால் போனைப் பொத்திக்கொண்டு, "ஓடுங்கம்மா," என்றார். அக்கா செருப்பை மாட்டினாளா இல்லையா என்பது அவளுக்கே நினைவில்லை. முகவரியைச் சொல்லிவிட்டு, மேசைமேல் விரித்திருந்த புத்தகத்தை மட்டும் அள்ளிக்கொண்டு ஓடினாள்.

ஆட்டோவில் ஏறி உட்கார்ந்தாள். ஒவ்வொரு சிவப்பு விளக்கும் அவள் கழுத்தைப் பிடிப்பதற்கென்றே எரிந்தது. வாழ்க்கை முழுக்க நடக்காத ஆபத்துக்கெல்லாம் பயந்து தீர்த்தவள் அவள். பல்லி அவளை ஒன்றும் செய்யவில்லை, சிலந்தி ஒன்றும் செய்யவில்லை, மழையில் வண்டி சறுக்கவில்லை. நடந்தே விட்ட ஆபத்து எது என்று பார்த்தால், அது அவள் கையால் நடந்தது. அதுவும் அவள் பயந்ததால் நடந்தது. ஓர் அட்டைத் துண்டை எடுத்துப் படத்தை மூடியபோது எவ்வளவு நிம்மதியாக இருந்தது! அந்த நிம்மதியை நினைக்க நினைக்க அவளுக்குக் குமட்டியது. இருந்த ஒரே தம்பிக்குத் தன் கையாலேயே எமனைக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு, பத்திரமாகச் சட்டைப் பையில் வைத்துக்கொள் என்று வேறு சொல்லியிருக்கிறாள்.

"கொஞ்சம் வேகமாப் போங்கண்ணா," என்று கெஞ்சினாள்.

"சிக்னல்ல நிக்கிறோம்மா," என்றார் ஆட்டோக்காரர்.

தம்பி குடியிருந்தது இரண்டாம் மாடியில். கதவைத் திறந்த தம்பி மனைவி, நாத்தனார் வெறுங்காலோடு வியர்த்து வழிய நிற்பதைப் பார்த்துப் பின்வாங்கினாள். "எழுப்பிப் பாத்துட்டேன் அண்ணி. சிரிக்கிறாரு, திரும்பிப் படுத்துக்குறாரு. போன்ல வேற சார்ஜ் போயிடுச்சு. ஒண்ணும் இல்லல்ல அண்ணி?"

அறையில் திரை இழுத்து விட்டிருந்தது. அவன் சீருடைக் கால்சட்டையோடு கட்டிலில் மல்லாந்து கிடந்தான். அக்கா அவன் தோளைப் பிடித்து உலுக்கினாள். அவன் முழித்தான். முழித்தான் என்று சொல்லக்கூடாது. இமை பாதிதான் ஏறியது. அந்தப் பாதி இமையைப் பார்த்ததும் அக்காவுக்குச் செதில் சார் சொன்னது நினைவுக்கு வந்தது.

"எந்திரிடா. ஆஸ்பத்திரிக்குப் போகணும்."

"எதுக்கு?"

"புத்தகம் தப்புடா. படம் மாறிப்போச்சு. நீ புடிச்சது கட்டுவிரியன்."

"நீ போட்ட புத்தகம்க்கா." அவன் பேச்சு வாய்க்குள்ளேயே உருண்டது. "நீ கொசுவுக்கே... மூணு தடவ சரிபாப்ப."

"இதப் பாக்கலடா. நான் பாக்கல."

"அக்கா, நீ பயப்படாத நாள் ஒண்ணு சொல்லு. அன்னைக்கு வரேன். இப்ப தூக்கம் வருது."

வலித்தது அவளுக்கு. ஆனால் அவன் சொன்னதில் பொய் இல்லை. எறும்புக்கு அழுதாள், பெல்ட்டுக்கு அழுதாள், இப்போதும் அதே அழுகையைத்தான் அழுகிறாள். வேறு அழுகை அவளிடம் இல்லை. அவன் எதை வைத்து இதை நம்புவான்?

கீழே ஆம்புலன்ஸ் சத்தம் கேட்டது. அவன் கையை அசைத்து மனைவியிடம், "திருப்பி அனுப்பு. ஸ்டேஷன்ல தெரிஞ்சா மானம் போயிடும்," என்றான். அவள் கதவுக்கும் கட்டிலுக்கும் நடுவில் என்ன செய்வதென்று தெரியாமல் நின்றாள்.

அக்கா அழுகையை நிறுத்தினாள். எழுந்து ஜன்னல் பக்கம் போனாள்.

பெட்டிக்கடையில் பிஸ்கட் போட்டு வைப்பார்களே, அந்த மாதிரிப் பெரிய பிளாஸ்டிக் டப்பா. மூடியில் ஆணியால் துளை போட்டிருந்தான். அடியில் கறுப்பாக ஒரு சுருள். அக்கா இரண்டு கையாலும் டப்பாவைப் பிடித்துத் தூக்கினாள். தூக்கியபோது உள்ளே கனம் ஒரு பக்கத்திலிருந்து இன்னொரு பக்கத்துக்கு நகர்ந்தது, பிளாஸ்டிக் வழியாக அது அவள் உள்ளங்கையில் தெரிந்தது. கீழே போடாமல் கட்டில்வரை வந்து, அவன் பக்கத்தில் உட்கார்ந்து, டப்பாவை மடியில் வைத்துக்கொண்டாள்.

பிறகு பார்த்தாள். அழகாக இருந்தது என்றெல்லாம் எழுதினால் அது பச்சைப் பொய். அருவருப்பாக இருந்தது, பயமாக இருந்தது, கண் தானாக மூடிக்கொள்ளப் பார்த்தது. ஒரு தடவை மூடியதன் பலன்தான் கட்டிலில் கிடக்கிறது என்று நினைத்துக்கொண்டு இமையை விரித்து வைத்தாள். புத்தகத்தில் எழுத்து சரியாகவே இருந்தது. எழுத்தை அவள்தான் வரிவரியாகப் படித்தவள் ஆயிற்றே. கட்டுவிரியனின் முதுகு நடுவே ஓடும் ஒரு வரிசைச் செதில்கள் மற்றவற்றைவிடப் பெரியவை, ஆறு மூலை கொண்டவை. வெள்ளிக்கோல் வரையனுக்கு அப்படி இல்லை. பிளாஸ்டிக்குக்கு அந்தப் பக்கம், அவள் விரலுக்கு ஒரு நகக்கண் தூரத்தில், பெரிய பெரிய ஆறுமூலைச் செதில்கள் ஒரே கோட்டில் முதுகு முழுக்க ஓடின.

"இங்க பாருடா," என்றாள். குரல் நடுங்கவில்லை. அது அவளுக்கே ஆச்சரியம்.

அவன் இமை ஏறவில்லை. ஆள்காட்டி விரலால் ஓர் இமையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு பார்த்தான். செதிலைப் பார்க்கவில்லை, புத்தகத்தையும் பார்க்கவில்லை. அக்காவின் மடியைப் பார்த்தான், அதன்மேல் இருந்த டப்பாவைப் பார்த்தான், அதைக் கட்டிப் பிடித்திருந்த அவள் இரண்டு கைகளையும் பார்த்தான்.

"அக்கா... நீ அதத் தொட்டுட்டிருக்க."

"ஆமா."

"நிஜமாவா அப்ப?"

"நிஜம்டா."

அவன் முகத்தில் முதல்முறையாகப் பயம் தெரிந்தது. எழுந்திருக்கப் பார்த்தான், கழுத்து நிற்கவில்லை. ஆம்புலன்ஸ்காரர்கள் மேலே வந்துவிட்டார்கள். தம்பி மனைவி வாயைப் பொத்திக்கொண்டு வழிவிட்டாள்.

மருத்துவமனை வாசலில் செதில் சார் சொல்லி வைத்திருந்த டாக்டர் தயாராக நின்றார். அக்கா டப்பாவைக் கட்டிப்பிடித்தபடியே வண்டியிலிருந்து இறங்கினாள். அதைப் பார்த்த நர்ஸ் சுவரோடு ஒட்டிக்கொண்டாள். "யாரும்மா இதக் கொண்டுவரச் சொன்னது? கடிச்ச ஆளக் கொண்டுவந்தாப் போதும்மா!" அக்காவுக்கு அதைக் கீழே வைக்கலாம் என்றே அப்போதுதான் தோன்றியது. செதில் சார் வந்து வாங்கிக்கொண்டார். விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து எடுக்கவேண்டியிருந்தது.

மருந்து ஏற்றினார்கள். ஆனாலும் மூச்சு நின்றது. தொண்டையில் குழாய் போட்டு இயந்திரத்தில் இணைத்தார்கள். அவன் கை அசையவில்லை, இமை அசையவில்லை. இயந்திரம் மூச்சு விட்டது, அவன் மார்பு ஏறி இறங்கியது.

"பொழச்சுடுவான்ல டாக்டர்?"

"நேரத்துக்கு வந்துட்டீங்க. உடம்பு மருந்துக்குக் கேக்கணும், பாக்கலாம். அசையலன்னு நினைச்சுக்காதீங்க, அவருக்குக் காது கேக்கும். பக்கத்துல உக்காந்து பேசுங்க. பயந்துபோய்க் கிடப்பாரு."

பயந்துபோய்க் கிடப்பாரு என்ற சொல் அக்காவைக் குத்தியது. இருட்டுக்குள் அசையமுடியாமல், எல்லாம் கேட்டுக்கொண்டு, தனியாகக் கிடக்கும் பயம். அந்தப் பயத்தை அவனுக்குக் கொடுத்தவளும் அவள்தான். நாற்காலியை இழுத்துப் போட்டு, வீங்கிக்கூட இல்லாத அந்தச் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டு பேச ஆரம்பித்தாள். முதலில் ஒன்றுமில்லாததைப் பேசினாள். அவன் மனைவி சாப்பிட்டாள், வீடு பூட்டியிருக்கிறது, நிலையத்திலிருந்து எல்லோரும் வந்து வெளியே நிற்கிறார்கள். பிறகு பேச ஒன்றுமில்லாமல் போயிற்று, உண்மை மட்டும்தான் மிச்சமிருந்தது.

"நான் படத்தப் பாக்கலடா," என்றாள். "பாம்புப் படம்னா மறைச்சு வச்சுட்டுத்தான் வேல செய்வேன். திரையில சாம்பல் கட்டமா வச்சுப்பேன். தாள்ல அட்டையால மூடிப்பேன். யாருக்கும் தெரியாது. பாத்திருந்தா உனக்கு இது வந்திருக்காது. பெருசா உன்னக் காப்பாத்துறேன்னு கொண்டுவந்து குடுத்தேன் பாரு. என்னைய என்ன வேணா சொல்லு, எந்திரிச்சு வந்து சொல்லு."

அவன் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. கேட்டதா, கேட்டு வெறுத்தானா, தெரிந்துகொள்ள ஒரு வழியும் இல்லை. இயந்திரம் பாட்டுக்கு மூச்சு விட்டுக்கொண்டிருந்தது. அவளும் அதே நாற்காலியில் உட்கார்ந்து, சொன்னதையே மறுபடி மறுபடி சொன்னாள். முதலாளியும் சாரும் வந்தபோது அவர்களிடமும் சொன்னாள். திருப்பினபிறகு நான் ஒரு தடவை பார்த்திருக்கவேண்டும் என்று சார் தன் நெற்றியில் அடித்துக்கொண்டார். அது அவளுக்கு ஆறுதலாக இல்லை.

ஒரு காலைநேரம் இமை துடித்தது. பிறகு விரல். பிறகு அவனே மூச்சு விட ஆரம்பித்தான். குழாயை எடுத்தபிறகு முதல் நாள் அவனுக்குக் குரலே இல்லை. மறுநாள் அக்கா தண்ணீரைக் கரண்டியால் கொடுத்துக்கொண்டிருந்தபோது கரகரவென்று ஏதோ சொன்னான். அவள் குனிந்தாள்.

"சாம்பல் கட்டமாவா வச்சுப்ப?"

அவள் கையிலிருந்த கரண்டி போர்வைமேல் விழுந்தது.

"கேட்டியாடா?"

"கண்ணுதான் தொறக்கல. காது நல்லாத்தான் கேட்டுச்சு. எத்தனை தடவ சொல்லுவ?" மூச்சு வாங்கியது அவனுக்கு. "அப்படியே செத்துப் போயிருந்தாலும் எனக்கு மனப்பாடம் ஆயிருக்கும்."

அவள் சிரிக்கத்தான் பார்த்தாள். வந்தது அழுகை. அவன் தடுக்கவில்லை, கிண்டலும் செய்யவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, "நீ அந்த டப்பாவ மடியில வச்சப்பவே என் கதை முடிஞ்சுதுன்னு நினைச்சேன்க்கா," என்றான். "அதுக்கு மேல எனக்கு எந்த டாக்டரும் சொல்ல வேண்டியதில்ல."

கையேட்டில் அந்தப் பக்கம் உள்ள தாளை மாற்றி, திரும்பவும் கட்டினார்கள். அந்தப் பக்கத்தை அக்காவே செய்தாள். படத்தைக் காட்டு என்று சொல்லிவிட்டு, பாம்பைத் திரை நிறையப் பெரிதாக்கி, செதில் செதிலாகப் பார்த்தபடி எண்ணையும் புள்ளியையும் வைத்தாள். கை ஜில்லென்றுதான் இருந்தது, இரண்டு தடவை எழுந்துபோய் முகம் கழுவி வந்தாள். அதற்குப் பிறகு மற்ற பக்கங்களையும் அப்படியே முதலிலிருந்து பார்த்தாள். பயம் ஓர் இம்மிகூடக் குறையவில்லை என்று கேட்டவர்களிடமெல்லாம் சொன்னாள்.

புதுப் பிரதியோடு அவள் தம்பி வீட்டுக்குப் போனபோது அவன் வேலைக்குத் திரும்பிக் கொஞ்ச நாள் ஆகியிருந்தது. வாசலில் நின்று சீருடையைச் சரிசெய்துகொண்டிருந்தான். அவள் புத்தகத்தை நீட்டினாள். அவன் வாங்கினான். நேராக அந்தப் பக்கத்தைப் பிரித்துப் பார்த்தான், பிறகு அவளைப் பார்த்தான்.

"பாத்துத்தான் போட்டியா?"

"பாத்துத்தான்டா போட்டேன். எல்லாத்தையும்."

அவன் தலையாட்டிவிட்டுப் புத்தகத்தைச் சட்டைப் பையில் வைத்துப் பித்தானைப் போட்டான். வண்டிச் சாவியை எடுத்துக்கொண்டு படியிறங்கப் போனவனை அவளால் அப்படியே விடமுடியவில்லை.

"கையுறைய மறந்துடாத. கம்பி இல்லாம எதையும் தொடாத. பச்சைப் புள்ளியா இருந்தாலும் தொடாதடா."

சொன்ன கையோடு அவள் காத்துநின்றாள். பெல்ட்டு வரும் என்றுதான் காத்துநின்றாள்.

அவன் திரும்பி மேலே வந்தான். கதவுக்குப் பின்னால் தொங்கிய கையுறைகளை எடுத்து இடுப்பில் செருகிக்கொண்டான்.

"சரிக்கா," என்றான்.